ஃப்ரெட் ரூஸ்: டைட்டில் கார்டில் கண்ணில் படாமல் போகும் பெயர்

பழையரீல் (இழையைத் தொடங்கியவர்)

'காட்ஃபாதர்' இழையில் இயக்குநர் கொப்போலா பெரியவரா, நடிகர் பசினோ பெரியவரா என்று பக்கம் பக்கமாகச் சண்டை ஓடுகிறது. அதைக் கெடுக்க வேண்டாம் என்றுதான் இதைத் தனியாகத் தொடங்குகிறேன். அத்தனை பக்கத்திலும் ஃப்ரெட் ரூஸ் என்ற பெயரை ஒருவரும் எடுக்கவில்லை. சினிமா பார்க்கிறவர்களில் பாதிப் பேருக்கு நடிகர் தேர்வுக்கென்று தனியாக ஓர் ஆள் உண்டு என்பதே தெரியாது. தெரிந்தவர்களும் டைட்டிலில் அந்த வரி வரும்போது பாப்கார்ன் வாங்கப் போயிருப்பார்கள்.

ஆளைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1934இல் கலிஃபோர்னியாவின் சான்டா மோனிகாவில் பிறந்தவர். யுசிஎல்ஏ பல்கலைக்கழகத்தில் படிப்பு, பிறகு ராணுவம், கொரியா. அறுபதுகளில் தொலைக்காட்சித் தொடர்களுக்கு நடிகர் பிடித்துக் கொடுக்கும் வேலை: 'ஆண்டி கிரிஃபித் ஷோ', 'ஐ ஸ்பை', 'கோமர் பைல்'. எழுபதுகளில் 'ஃபைவ் ஈஸி பீசஸ்', 'டூ-லேன் பிளாக்டாப்', 'காட்ஃபாதர்', 'அமெரிக்கன் கிராஃபிட்டி' என்று படங்களுக்கு நடிகர் தேர்வு. 1974 முதல் கொப்போலாவின் தயாரிப்பாளர்களில் ஒருவர். அந்த ஆண்டுக்கான ஆஸ்கரில் சிறந்த படத்துக்கான பட்டியலில் 'காட்ஃபாதர் 2', 'தி கன்வர்சேஷன்' இரண்டிலுமே இணைத் தயாரிப்பாளராக இவர் பெயர் இருந்தது. ஒரே இரவில் தன்னோடு தானே போட்டி போட்டவர்! 'காட்ஃபாதர் 2' ஜெயித்தது. 2024 மே 18இல், 90 வயதுக்குச் சில நாட்கள் இருக்கும்போது காலமானார். அதற்கு இரண்டு நாள் முன்புதான் கான் திரைப்பட விழாவில் கொப்போலாவின் 'மெகலோபோலிஸ்' முதன்முதலாகத் திரையிடப்பட்டது. அதிலும் தயாரிப்பாளர்களில் ஒருவர் இவரே. ஆக, ஏறத்தாழ அறுபது ஆண்டு.

இந்த விவரமெல்லாம் எங்கும் கிடைக்கும். நான் பேச விரும்புவது வேறு. நடிகர் தேர்வு என்றால் நூறு பேரை வரிசையாக நிற்க வைத்து நல்லவரைப் பொறுக்கி எடுப்பது என்றுதான் நினைக்கிறோம். ரூஸ் செய்த வேலையைப் பார்த்தால், பொறுக்கியதைவிட ஞாபகம் வைத்திருந்ததுதான் பெரிய வேலையாகத் தெரிகிறது. இன்று சான்ஸ் கிடைக்காமல் போனவனை ஐந்து வருடம் கழித்துச் சரியான இடத்தில் கொண்டுவந்து நிறுத்துவது. அவர் தொழில் முழுவதும் இதுதான் என்பது என் எண்ணம். உங்கள் எண்ணத்தைச் சொல்லுங்கள்.

---

மிட்நைட்ஷோ

அண்ணா, ஹாரிசன் ஃபோர்டு தச்சு வேலை பார்த்துக்கொண்டிருந்தபோது இயக்குநர் ஜார்ஜ் லூகாஸ் கண்ணில் பட்டு 'ஸ்டார் வார்ஸ்' கிடைத்தது என்று ரீல்ஸில் வாரம் ஒரு தடவையாவது வருகிறதே, அது இவர் சம்பந்தப்பட்டதா? நிஜமா, கட்டுக்கதையா?

---

பழையரீல்

நிஜம்தான் தம்பி. ஆனால் ரீல்ஸில் பாதியை வெட்டிவிடுகிறார்கள்.

ஃபோர்டு அறுபதுகளின் நடுவிலிருந்தே ஹாலிவுட்டில் சின்னச் சின்ன வேடங்களில் வந்துகொண்டிருந்தார். அது சோறு போடவில்லை. தச்சு வேலையைத் தானே கற்றுக்கொண்டு குடும்பத்தை ஓட்டினார். சும்மா நாற்காலிக்கு ஆணி அடித்தவர் இல்லை. இசைக்கலைஞர் செர்ஜியோ மென்டெஸுக்கு ஒலிப்பதிவுக் கூடமே கட்டிக் கொடுத்திருக்கிறார். எழுத்தாளர் ஜோன் டிடியனின் மாலிபு வீட்டிலும் இவர் கைவேலை உண்டு. ரூஸுக்கும் மரவேலை செய்து கொடுத்திருக்கிறார்.

அப்போதே ரூஸ் இவரை நம்பினார். லூகாஸ் இயக்கிய 'அமெரிக்கன் கிராஃபிட்டி'க்கு (1973) நடிகர் தேர்வு ரூஸுடையது. தொப்பி வைத்துக்கொண்டு கார் பந்தயத்துக்கு வம்பிழுக்கும் பாப் ஃபால்ஃபா வேடம் ஃபோர்டுக்குப் போனது. அந்தத் தொப்பிகூட, முடியை வெட்ட மாட்டேன் என்று அவர் பிடிவாதம் பிடித்ததால் வந்தது. அடுத்து 'தி கன்வர்சேஷ'னில் ஒரு கம்பெனி அதிகாரியின் உதவியாளராக, சில காட்சிகளே வந்தாலும் வயிற்றைக் கலக்கும் வேடம். இதெல்லாம் முடிந்த பிறகும் மனிதர் தச்சு வேலையை விட முடியாத நிலைமைதான். ரீல்ஸ்காரர்கள் இந்தப் பகுதியைச் சொல்வதே இல்லை. யாரோ ஊர் பேர் தெரியாத தச்சனை லூகாஸ் கண்டெடுத்த மாதிரி போடுகிறார்கள். லூகாஸுக்கு அவரை நன்றாகவே தெரியும். தெரிந்ததுதான் பிரச்சினை. 'கிராஃபிட்டி'யில் நடித்தவர்கள் 'ஸ்டார் வார்ஸ்'க்கு வேண்டாம், புது முகம்தான் வேண்டும் என்று அவர் முடிவு செய்திருந்தார்.

லூகாஸ் கண்ணில் பட்ட அந்தத் தச்சு வேலைக்கு, அதாவது கதவு விஷயத்துக்கு வருவோம். கொப்போலா அலுவலகத்துக்கு ஒரு பெரிய வாசல் அமைக்க வேண்டியிருந்தது. வடிவமைத்தது கலை இயக்குநர் டீன் டாவுலாரிஸ். மர வேலை ஃபோர்டுக்கு வந்தது. பகலில் சினிமாக்காரர்கள் முன்னால் தச்சனாக நிற்க மனம் ஒப்பவில்லை. அதனால் ராத்திரியில் மட்டும் செய்வேன் என்று ஒப்புக்கொண்டதாக ஃபோர்டே பின்னாளில் சொல்லியிருக்கிறார். ஒரு நாள் காலை வேலை முடிந்து தரையைக் கூட்டிக்கொண்டிருக்கிறார். 'ஸ்டார் வார்ஸ்' நேர்முகத்துக்காக லூகாஸ் உள்ளே நுழைகிறார், கூடவே ரிச்சர்ட் ட்ரைஃபஸ். அதன் பிறகு வந்துபோகும் மற்ற நடிகர்களோடு வசனம் படிக்க ஆள் வேண்டும் என்று ஃபோர்டைக் கூப்பிட்டார்கள். எதிரே இருப்பவனுக்கு வசனம் எடுத்துக்கொடுக்கும் வேலை, அவ்வளவுதான். படித்துப் படித்தே 'ஸ்டார் வார்ஸ்' நாயகர்களில் ஒருவனான ஹான் சோலோ ஆகிவிட்டார்.

ரூஸ் வேண்டுமென்றே கதவு வேலையை அந்த நேரத்தில் வைத்தார் என்றும் சொல்கிறார்கள். ஃபோர்டு சொன்னதைப் பார்த்தால் தற்செயல் மாதிரி இருக்கிறது. எனக்கு எதுவானாலும் பரவாயில்லை. லூகாஸிடம் "இவனைப் பார், இவனைப் பார்" என்று விடாமல் சொன்னவர் ரூஸ் என்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை. அதே படத்தில் இளவரசி லேயாவாக வந்த கேரி ஃபிஷர் விஷயத்திலும் அப்படித்தான். அப்போது லண்டனில் நாடகப் பள்ளியில் படித்துக்கொண்டிருந்த பெண்ணைப் பார்த்தே ஆக வேண்டும் என்று லூகாஸை வற்புறுத்தியவர் இவர். 'ஸ்டார் வார்ஸ்' நடிகர் தேர்வு என்று டைட்டிலில் வருவது வேறு மூன்று பேர். அவர்களும் உழைத்தவர்கள்தான், அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ரூஸ் பெயர் அங்கே இல்லை.

---

கட்_சொல்லு

நன்றாக எழுதியிருக்கிறீர்கள். ஆனாலும் ஒப்புக்கொள்ள மாட்டேன்.

ஜெயித்தவர்களை வைத்துப் பின்னால் எழுதும் சரித்திரம் இது. ரூஸ் ஞாபகம் வைத்திருந்து சிபாரிசு செய்து ஒன்றுமில்லாமல் போனவர்கள் எத்தனை பேர் இருப்பார்கள்? அவர்களைப் பற்றி ரீல்ஸ் வராது. ஃபோர்டு ஜெயித்தார், அதனால் ரூஸ் தீர்க்கதரிசி. ஃபோர்டு தோற்றிருந்தால் ரூஸ் தன் தச்சனுக்கு வேடம் கேட்ட ஆள், அவ்வளவுதானே?

இரண்டாவது, கடைசி முடிவு இயக்குநருடையது. 'காட்ஃபாதர்' எடுத்த கம்பெனி ராபர்ட் ரெட்ஃபோர்டு, ரயன் ஓ'நீல் என்று நட்சத்திரப் பெயர்களைச் சொல்லிக்கொண்டிருந்தபோது பசினோதான் வேண்டும் என்று வேலை போகிற அளவுக்கு நின்றவர் கொப்போலா. ஸ்கிரீன் டெஸ்ட் மேல் ஸ்கிரீன் டெஸ்ட் எடுத்துக் காட்டினார். அடி வாங்கியவர் ஒருவர், பெயர் இன்னொருவருக்கா?

---

ஆல்பம்காரன்

நான் சில வருடம் விளம்பரப் படங்களுக்கு ஆடிஷன் நடத்தும் வேலையில் இருந்தேன், சென்னையில். ஹாலிவுட்டோடு ஒப்பிட அதில் ஒன்றும் இல்லை. ஆனால் கட்_சொல்லு சொன்னதில் ஒரு விஷயம் இடிக்கிறது.

"கடைசி முடிவு இயக்குநருடையது" என்பது சரி. ஆனால் அவர் முடிவெடுப்பது மேஜைக்கு வந்த ஐந்து பேரிலிருந்துதான். அந்த ஐந்து பேர் யார் என்பதை வேறொருவர் ஏற்கெனவே முடிவு செய்துவிட்டார். ஆறாவது ஆள் வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்து டீ குடித்துவிட்டு வீட்டுக்குப் போனது இயக்குநருக்குத் தெரியவே தெரியாது. அந்த ஆறாவது ஆள் முகம் இன்றைக்கும் எனக்கு ஞாபகம் வரும். அவனிடம் பால் பவுடர் விளம்பரத்துக்கான அப்பா முகம் இல்லை, ஆனால் பிரமாதமான போலீஸ்காரன் முகம் இருந்தது. எங்களுக்குப் போலீஸ்காரன் தேவைப்பட்டபோது அவன் நம்பர் மாறிவிட்டது.

இதனால்தான் பழையரீல் சொல்லும் தொலைக்காட்சி விஷயம் முக்கியம் என்று நினைக்கிறேன். வாராவாரம் ஒரு அத்தியாயம். வாராவாரம் ஒரு புது மளிகைக்கடைக்காரர், ஒரு புதுத் திருடன், ஒரு அத்தை. இரண்டு காட்சிதான், ஆனால் வியாழனுக்குள் ஆள் வந்தாக வேண்டும். அப்படிச் சில வருடம் ஓடினால் ஆயிரக்கணக்கான நடிகர்களை நேரில் பார்த்துவிடலாம். அதிலும் பெரும்பாலோரை வேண்டாம் என்று அனுப்பியிருப்போம். அந்த வேண்டாம்களை யார் பத்திரமாக வைத்திருக்கிறாரோ அவரிடம்தான் சரக்கு இருக்கிறது.

இன்னொன்று. அப்போது எல்லாம் கையால்தான். எந்தப் படத்துக்கு என்ன வேடம் என்ற குறிப்பை ஏஜென்ட்களுக்கு மொத்தமாக அனுப்பும் முறையே அமெரிக்காவில் 1971இல்தான் வந்தது. அதற்கு முன் ஏஜென்ட்கள் ஸ்டுடியோவுக்குப் போய் உட்கார்ந்து திரைக்கதையைப் படித்து, தங்கள் ஆள் எதற்குப் பொருந்துவான் என்று குறித்துக்கொண்டு வருவார்கள். கணினியில் தேடு பொத்தான் கிடையாது. ஞாபகம்தான் பொத்தான்.

---

மதுரைக்காரன்75

எங்கள் தெருவில் கல்யாணத் தரகர் ஒருவர் இருந்தார். வேண்டாம் என்று போன ஜாதகத்தைக் கிழிக்கவே மாட்டார். "இவனுக்கு இல்லை, ஆனா இவன் யாருக்கோ" என்பார். ரூஸ் அந்த ரகம் போல.

(சீரியஸ் இழையைக் கெடுத்துவிட்டேனா? மன்னிக்கவும். தொடருங்கள்.)

---

பழையரீல்

கெடுக்கவில்லை, ஒரே வரியில் சொல்லிவிட்டீர்கள்.

கட்_சொல்லு, உங்கள் முதல் கேள்வி நியாயமானது. அவர் சிபாரிசு செய்து காணாமல் போனவர்கள் நிச்சயம் இருப்பார்கள். அதனால்தான் நான் ஃபோர்டை மட்டும் வைத்துப் பேச விரும்பவில்லை. ஒரே விதம் திரும்பத் திரும்ப வருகிறதா என்று பாருங்கள்.

1964. ரூஸுக்கு முப்பது வயது. ராபர்ட் லிப்பர்ட் என்ற மலிவுப் படத் தயாரிப்பாளருக்காகப் பிலிப்பைன்ஸ் போய் இரண்டு படங்களை அடுத்தடுத்து எடுக்கிறார்கள், 'பேக் டோர் டு ஹெல்', 'ஃப்ளைட் டு ஃப்யூரி'. இயக்குநர் மான்டி ஹெல்மன். இரண்டிலும் நடித்தவர், இரண்டாவதற்குத் திரைக்கதையும் எழுதியவர், அப்போது யாருமே சீண்டாத ஜாக் நிக்கல்சன். ஆறு வருடம் கழித்து நிக்கல்சன் 'ஃபைவ் ஈஸி பீசஸ்' நடிக்கிறார், நடிகர் தேர்வு ரூஸ். ஹெல்மன் 'டூ-லேன் பிளாக்டாப்' எடுக்கிறார், இரண்டு பாடகர்களைக் கதாநாயகர்களாக வைத்து. அங்கேயும் நடிகர் தேர்வு ரூஸ்.

அப்புறம் ரான் ஹோவர்ட். 'ஆண்டி கிரிஃபித் ஷோ'வில் சிறுவனாக வந்தவர். ரூஸ் நடிகர் பிடித்துக் கொடுத்த அதே தொடர். 'கிராஃபிட்டி'யில் அவரே ஸ்டீவ். ஏழு லட்சத்து எழுபத்தேழாயிரம் டாலரில் எடுத்த படம் அது. நட்சத்திரம் ஒருவரும் கிடையாது. ஹோவர்ட், ட்ரைஃபஸ், சிண்டி வில்லியம்ஸ், ஃபோர்டு, கேன்டி கிளார்க் என்று இன்று அந்தப் பட்டியலைப் படித்தால் யாரோ காலப்பயணம் செய்து தேர்ந்தெடுத்த மாதிரி இருக்கும்.

இப்போது நீங்கள் சொன்ன 'காட்ஃபாதர்' ஸ்கிரீன் டெஸ்ட்டுகள். அதில் பசினோ கடைசியில் நடித்த மைக்கேல் வேடத்துக்குச் சோதிக்கப்பட்டவர்களில் ஒருவர் மார்ட்டின் ஷீன். கிடைக்கவில்லை. மைக்கேலின் அண்ணன் சன்னி வேடத்துக்குச் சோதிக்கப்பட்டவர் ராபர்ட் டி நீரோ. அதுவும் இல்லை என்றானது. பிறகு பாலி என்ற சின்ன வேடம் கொடுத்தார்கள். பசினோ வேறொரு படத்திலிருந்து விலகி இங்கே வந்ததால் அங்கே ஏற்பட்ட காலியிடத்துக்கு டி நீரோ போய்விட்டார். இரண்டு வருடம் கழித்து 'காட்ஃபாதர் 2'இல் மைக்கேலின் அப்பா வீட்டோவின் இளம் வயது வேடத்தில் திரும்பி வந்து ஆஸ்கர் வாங்குகிறார். ஷீன்? 1976இல் கொப்போலாவின் வியட்நாம் போர்ப் படமான 'அப்போகலிப்ஸ் நௌ' தொடங்கி சில வாரத்தில் கதாநாயகன் ஹார்வி கைட்டலை மாற்ற வேண்டிய நெருக்கடி. வந்தவர் ஷீன். இந்த முடிவுகள் எல்லாம் ரூஸ் ஒருவருடையவை என்று நான் சொல்ல வரவில்லை. கொப்போலாவின் கம்பெனியில் ஒருமுறை வேண்டாம் என்றால் அது அன்றைக்கு மட்டும்தான். அந்தப் பழக்கம் எங்கிருந்து வந்தது என்று கேட்டால், பக்கத்தில் இருந்த ஆளைக் கைகாட்டுகிறேன்.

ஜான் கசால் கதை மட்டும் முழுக்க ரூஸுடையது. நியூயார்க்கில் 'லைன்' என்ற நாடகம் நடக்கிறது. ஐந்தே பாத்திரம், கதையே ஒரு வரிசையில் யார் முதலில் நிற்பது என்ற சண்டைதான். அதில் நடித்த ட்ரைஃபஸைப் பார்க்கப் போகிறார் ரூஸ். பார்த்துவிட்டு வெளியே வரும்போது அவர் மனதில் இருந்தது கசால். மைக்கேலின் இன்னொரு அண்ணன் ஃப்ரெடோ கிடைத்துவிட்டான். கசால் மொத்தம் ஐந்து படம்தான் நடித்தார். ஐந்துமே சிறந்த படத்துக்கான ஆஸ்கர் பட்டியலுக்குப் போனவை. 1978இல் இறந்துவிட்டார். அவரைப் பார்க்கப் போகாத ஒருவர் அவரைக் கண்டுபிடித்தார் என்பதை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு வியப்புதான். இதில் ட்ரைஃபஸுக்கும் நஷ்டம் இல்லை. 'கிராஃபிட்டி' அவருக்குப் போனது.

---

நூலகத்துக்காரி

இந்த இழையை இப்போதுதான் பார்த்தேன். 'தி அவுட்சைடர்ஸ்' பற்றி ஒருவரும் சொல்லாமல் விட்டால் எங்கள் நூலகர் இனத்துக்கே அவமானம், அதனால் எழுதுகிறேன்.

கலிஃபோர்னியாவில் ஃப்ரெஸ்னோ பக்கம் லோன் ஸ்டார் என்று ஒரு பள்ளி. அந்தப் பள்ளியின் நூலகர் 1980இல் கொப்போலாவுக்கு ஒரு கடிதம் போடுகிறார். எங்கள் பிள்ளைகளுக்கு எஸ்.இ. ஹின்டன் எழுதிய இந்த நாவல் உயிர், நீங்கள்தான் இதைப் படமாக எடுக்க வேண்டும் என்று. பிள்ளைகள் கையெழுத்தும் புத்தகமும் உள்ளே. கொப்போலா கையிலிருந்து அது ரூஸ் கைக்குப் போகிறது. அட்டைப் படமே சரியில்லை, பத்துப் பக்கம் பார்ப்போம் என்று விமானத்தில் எடுத்தவர், முழுவதையும் முடித்துவிட்டுத்தான் கீழே வைத்தாராம். இதைப் படமாக எடுக்க வேண்டும் என்று கொப்போலாவிடம் சொன்னவர் அவர்தான். படம் 1983இல் வந்தது. அந்த நூலகருக்கும் பிள்ளைகளுக்கும் படம் சமர்ப்பணம் என்று திரையிலேயே போட்டிருக்கிறார்கள்.

நடிகர் பட்டியலைப் பாருங்கள்: மேட் தில்லன், பேட்ரிக் ஸ்வேஸி, ராப் லோ, எமிலியோ எஸ்டேவெஸ், ரால்ஃப் மாச்சியோ, டயன் லேன், ஒரு ஓரத்தில் டாம் க்ரூஸ். நடிகர் தேர்வு என்று பெயர் போட்டுக்கொண்டது ஜேனட் ஹிர்ஷன்சன், ஜேன் ஜென்கின்ஸ் என்ற இரண்டு பெண்கள். ரூஸ் இங்கே தயாரிப்பாளர். ஆடிஷனில் எல்லாப் பையன்களையும் ஒரே அறையில் உட்கார வைத்து, ஒருவன் நடிப்பதை மற்றவர்கள் பார்க்கும்படி செய்தார்கள். போட்டியாளன் உன் வசனத்தையே உன்னைவிட நன்றாகப் பேசுவதை நீ உட்கார்ந்து பார்க்க வேண்டும். கொடுமை! ராப் லோ அதைப் பற்றி நிறையப் பேசியிருக்கிறார்.

எனக்குப் பிடித்தது அந்தப் பத்துப் பக்கம். பள்ளிக்கூடத்திலிருந்து வந்த கடிதத்தைப் பதில் போட்டு மூடியிருக்கலாம். எங்கள் நூலகத்துக்கு வரும் நன்கொடைப் புத்தகங்களையே நாங்கள் அட்டையைப் பார்த்துத்தான் ஒதுக்குகிறோம், என்ன சொல்ல.

---

கட்_சொல்லு

சரி, ஷீன் விஷயத்தில் கொஞ்சம் இறங்கி வருகிறேன். கசால் விஷயத்தில் முழுவதுமாக.

ஆனால் இந்த "மறக்காத குணம்" எப்போதும் நல்லதா? 'ஒன் ஃப்ரம் தி ஹார்ட்' (1982) பாருங்கள். தயாரிப்பாளர்கள் க்ரே ஃப்ரெடெரிக்சனும் ரூஸும். லாஸ் வேகாஸையே ஸ்டுடியோவுக்குள் செட் போட்டு, இரண்டரைக் கோடி டாலருக்கு மேல் கொட்டினார்கள். கதாநாயகன் ஃப்ரெடெரிக் ஃபாரஸ்ட், நாயகி டெரி கார். இரண்டு பேருமே 'தி கன்வர்சேஷ'னில் இருந்தவர்கள். ஃபாரஸ்ட் 'அப்போகலிப்ஸ் நௌ'விலும் இருந்தார். அருமையான நடிகர்கள், மறுக்கவில்லை. ஆனால் அவ்வளவு பெரிய பணத்தைத் தோளில் தூக்கிக்கொண்டு தியேட்டருக்குக் கூட்டத்தைக் கூட்டி வரும் முகமா? படம் பத்து லட்சம் டாலர்கூடத் தேறவில்லை. கொப்போலா பல வருடம் கடன் கட்டினார். அலமாரியில் இருப்பதையே எடுத்துப் போடும் சோம்பல் என்று இதை ஏன் சொல்லக் கூடாது?

'காட்ஃபாதர் 3'ஐயும் எடுத்துக்கொள்ளுங்கள். வினோனா ரைடர் ரோமில் உடல்நலம் சரியில்லாமல் விலக, கடைசி நேரத்தில் இயக்குநரின் மகள் சோஃபியாவே நடித்தார். விமர்சகர்கள் கிழித்தார்கள். இணைத் தயாரிப்பாளர் பட்டியலில் ரூஸ் இருக்கிறார். இவ்வளவு பெரிய ஞாபகசாலியிடம் அன்றைக்கு ஒரு பெண்ணின் நம்பர்கூட இல்லையா?

---

மிட்நைட்ஷோ

அடிச்சுட்டாரு பாயின்ட் :)

---

பழையரீல்

'ஒன் ஃப்ரம் தி ஹார்ட்' விஷயத்தில் உங்கள் பக்கம்தான் நானும். ஆனால் அதைச் சோம்பல் என்று சொல்ல மாட்டேன், விசுவாசம் என்பேன். சினிமாவில் விசுவாசத்துக்கும் கணக்குக்கும் பெரும்பாலும் ஆகாது. 'காட்ஃபாதர் 3' கொப்போலாவின் முடிவு. கம்பெனி வேறு பெயர்களைச் சொல்லிக்கொண்டிருந்தபோதே மகளை நிறுத்தினார். முதல் படத்தில் பசினோவுக்காக நின்ற அதே பிடிவாதம். அங்கே பலித்தது, இங்கே பலிக்கவில்லை. பெயரை முழுக்க இயக்குநருக்குக் கொடுத்தால் இதையும் சேர்த்துத்தானே கொடுக்க வேண்டும்?

அதே சோஃபியா இயக்குநரானபோது 'வர்ஜின் சூசைட்ஸ்', 'லாஸ்ட் இன் ட்ரான்ஸ்லேஷன்' தொடங்கி அவர் படங்களுக்கு நிர்வாகத் தயாரிப்பாளர் வரிசையில் ரூஸ் வந்துகொண்டே இருந்தார். அப்பாவிடம் வேலை செய்துவிட்டு மகளிடமும் வேலை செய்தார்.

தயாரிப்பாளர் ரூஸைப் பற்றியும் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். தயாரிப்பாளர் என்றால் நமக்குப் பணம் போடுபவர் என்றுதான் தோன்றும். ரூஸ் பணம் போட்டவர் இல்லை. படத்தை நடத்தியவர். 'அப்போகலிப்ஸ் நௌ' பிலிப்பைன்ஸில் எடுக்கப்பட்டபோது, பன்னிரண்டு வருடம் முன்பு அதே நாட்டில் கைக்காசை எண்ணி எண்ணிப் படம் எடுத்த அனுபவம் அவருக்கு இருந்தது. அந்த அனுபவம் புயலை நிறுத்தாது என்பது வேறு விஷயம். 1976 மே மாதம் ஓல்கா புயல் செட்டுகளைத் துடைத்துக்கொண்டு போனது. பிலிப்பைன்ஸ் ராணுவம் வாடகைக்குக் கொடுத்த ஹெலிகாப்டர்கள், உள்நாட்டுக் கலகக்காரர்களோடு சண்டை போட நடுவில் பறந்துவிடும். அடுத்த மார்ச்சில் ஷீனுக்கு மாரடைப்பு. படப்பிடிப்பு 238 நாள்.

அந்தப் படத்தில் ஒரு காட்சியை மட்டும் திரும்பப் பாருங்கள். தொடக்கத்தில் ஷீனை வரச் சொல்லி, கர்னல் கர்ட்ஸைக் கொல்லும் வேலையைக் கொடுக்கும் மதிய உணவுக் காட்சி. மேஜையில் இறைச்சியும் இறாலும். கட்டளை கொடுக்கும் ஜெனரலாக ஜி.டி. ஸ்ப்ராட்லின். ஓக்லஹோமாவில் வக்கீலாக இருந்து, எண்ணெய்க் கிணற்றில் பணம் பார்த்துவிட்டு, நடுவயதில் நடிக்க வந்தவர். 'காட்ஃபாதர் 2'இல் மைக்கேலிடம் லஞ்சம் கேட்டு அவமானப்படும் செனட்டரும் இவர்தான். எதிரே கண்ணாடி போட்டுக்கொண்டு, தொண்டையைச் செருமிக்கொண்டு, கொஞ்சம் பதற்றத்தோடு கோப்பை விளக்கும் இளம் அதிகாரி ஹாரிசன் ஃபோர்டு. அவர் சட்டையில் குத்தியிருக்கும் பெயரைப் படியுங்கள்: லூகாஸ். மூலையில் ஒரு வார்த்தையும் பேசாமல் சாப்பிட்டுக்கொண்டிருந்துவிட்டு, கடைசியில் ஒரே ஒரு வாக்கியம் பேசும் சிவில் உடைக்காரர் ஜெரி சீஸ்மர். அவர் நடிகரே இல்லை, படத்தின் உதவி இயக்குநர். பெரிய முகம் என்று ஒருவர்கூட இல்லாத மேஜை அது. படம் எடுக்கும்போது 'ஸ்டார் வார்ஸ்' இன்னும் வெளிவராததால் ஃபோர்டையும் சேர்த்துத்தான் சொல்கிறேன். ஆனால் ஒவ்வொருவரும் அந்த இடத்துக்கென்றே செய்து வைத்த மாதிரி இருப்பார்கள்.

---

ஆல்பம்காரன்

அந்தக் காட்சியில் எனக்குப் பிடித்தது யாருமே "நடிக்காமல்" இருப்பது. உண்மையான ஆபீஸ் மீட்டிங் மாதிரி இருக்கும். கொலைக்கு ஆள் அனுப்புகிறார்கள், ஆனால் இறாலை இந்தப் பக்கம் தள்ளு என்கிறார்கள்.

ஒரு சந்தேகம். நடிகர் தேர்வுக்கு ஆஸ்கர் ஏன் இத்தனை வருடம் இல்லை? எடிட்டிங், ஒலி, சிகை அலங்காரம் வரை இருக்கிறதே.

---

கட்_சொல்லு

அதற்கு நான் பதில் சொல்கிறேன், இந்தச் சண்டையை இயக்குநர் பக்கத்திலிருந்து படித்தவன் நான்.

பழைய ஸ்டுடியோ காலத்தில் நடிகர்கள் மாதச் சம்பளத்துக்கு ஒப்பந்தத்தில் இருந்தார்கள். நடிகர் தேர்வு என்பது கையிருப்புப் பட்டியலைப் பார்த்து இன்று யாருக்கு வேலை இல்லை என்று சொல்வது. குமாஸ்தா வேலை என்றே நினைத்தார்கள். ஐம்பதுகளில் அந்த முறை உடைந்து நடிகர்கள் வெளியே போன பிறகுதான் தேடிக் கண்டுபிடிக்கும் ஆள் தேவைப்பட்டது. நியூயார்க்கில் மரியன் டோகர்ட்டி, லாஸ் ஏஞ்சலஸில் லின் ஸ்டால்மாஸ்டர். இவர்களும் தொலைக்காட்சியிலிருந்து வந்தவர்கள்தான். ஆனால் குமாஸ்தா என்ற பழைய எண்ணம் போகவில்லை. இயக்குநர்கள் சங்கத்துக்கு வேறு, இவர்கள் பெயரில் "டைரக்டர்" என்ற சொல் வருவதே பிடிக்காது. அதனால்தான் ஹாலிவுட் டைட்டிலில் "காஸ்டிங் பை" என்று மட்டும் போடுகிறார்கள். உண்மையான காரணம், இதற்குப் பரிசு கொடுத்தால் நல்ல நடிகர்களைக் கண்டுபிடித்தது தாங்கள் இல்லை என்று ஒப்புக்கொண்டது போலாகும் என்ற இயக்குநர்களின் பயம்.

ஸ்டால்மாஸ்டருக்கு 2016இல் கௌரவ ஆஸ்கர் கொடுத்தார்கள், இந்தத் துறையில் அதுதான் முதல். பிரிட்டனின் திரைப்பட விருதான பாஃப்டா 2020 விழாவிலிருந்து தனி விருது கொடுக்கிறது. ஆஸ்கர் அகாடமி 2024 பிப்ரவரியில் அறிவித்தது, 2025ஆம் ஆண்டுப் படங்களிலிருந்து தனி விருது என்று.

---

பழையரீல்

அறிவிப்பு வந்து மூன்று மாதத்தில் ரூஸ் போய்விட்டார். அவரிடம் ஆஸ்கர் இல்லாமல் இல்லை, 'காட்ஃபாதர் 2'க்கு வாங்கியது வீட்டில் இருந்தது. ஆனால் அது தயாரிப்பாளராக வாங்கியது. 'கிராஃபிட்டி'க்கு அவருக்கு ஒன்றும் இல்லை. எனக்கு அந்தப் படத்தின் நடிகர் தேர்வு 'காட்ஃபாத'ரைவிட ஒரு படி மேல். 'காட்ஃபாத'ரில் அப்பா வேடத்தில் வந்த மார்லன் பிராண்டோ என்ற மலை நடுவில் நிற்கிறது. 'கிராஃபிட்டி'யில் அப்படி யாரும் இல்லை, எல்லோரும் பையன்கள்.

---

கட்_சொல்லு

இதில் மட்டும் சமரசம் கிடையாது. ஃப்ரெடோ, டாம் ஹேகன், க்ளெமென்சா, டெஸியோ, லூகா பிராஸி. ஓரத்தில் நிற்கும் முகங்கள் ஒவ்வொன்றும் ஒரு படம். டெஸியோவாக வந்த ஏப் விகோடா பொது ஆடிஷனுக்கு வந்தவர். அவர் எதிரே உட்கார்ந்தால் பிராண்டோவாவது மலையாவது. 'கிராஃபிட்டி' பையன்கள் பின்னால் பெரிய ஆள் ஆனதால்தான் உங்களுக்கு அப்படித் தெரிகிறது. ஜெயித்தவர்களை வைத்துப் பின்னால் எழுதும் சரித்திரம் என்று என் முதல் பதிவில் சொன்ன குறைதான் இதுவும்.

---

மிட்நைட்ஷோ

அண்ணன்களே, சண்டை அப்புறம். இவர் படத்தில் எதிலிருந்து ஆரம்பிக்கட்டும்? 'காட்ஃபாதர்' மூன்றும் பார்த்துவிட்டேன்.

---

பழையரீல்

'தி கன்வர்சேஷன்'. இரண்டு மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். ஜீன் ஹேக்மனை மட்டும் பார்க்காதே, அவரைச் சுற்றி இருப்பவர்களைப் பார். கசால், ஃபோர்டு, சிண்டி வில்லியம்ஸ், ஃபாரஸ்ட், டெரி கார், டைட்டிலில் பெயர்கூட இல்லாத ராபர்ட் டுவால். அதன் பிறகு 'கிராஃபிட்டி'. மனசு இருந்தால் 1987இல் வந்த 'பார்ஃப்ளை'. ரூஸ் தயாரிப்பாளர்களில் ஒருவர், நாயகன் மிக்கி ரூர்க். ரூர்க் அதற்கு முன் 'ரம்பிள் ஃபிஷ்'ஷில் இவர்களோடு இருந்தவர் என்று இந்நேரம் நீயே ஊகித்திருப்பாய். 'ஒன் ஃப்ரம் தி ஹார்ட்' மட்டும் கட்_சொல்லுவிடம் கேட்டுவிட்டுப் பார்.

---

கட்_சொல்லு

பாட்டுக்காகப் பார்க்கலாம். டாம் வெய்ட்ஸ் போட்டது. படத்தில் எனக்குக் குறையே தெரியாத ஒரே விஷயம்.